கொப்பியின் கடைசிப் பக்கம்

உங்கள் மகளின் பாடசாலைக் கொப்பியின் கடைசிப் பக்கத்தை எப்போதாவது புரட்டிப் பார்த்ததுண்டா? கணக்குக்கும் விஞ்ஞானத்துக்கும் பின்னால் நாலு வரிக் கவிதை ஒளிந்திருக்கும். அதைக் கண்டதும் நம்மில் பலர் கேட்பது இதுதான்: "இப்படியெல்லாம் எழுதினால் நாளைக்கு யார் மாப்பிள்ளை தருவார்கள்?" இங்கே வெள்ளவத்தையிலும் இதைக் கேட்டிருக்கிறேன், கொட்டாஞ்சேனையில் என் ராத்தா வீட்டிலும் கேட்டிருக்கிறேன். அதனால்தான் கவிஞர் அனாரைப் பற்றி உங்களுக்குச் சொல்ல நினைத்தேன்.

அனார் என்பது புனைபெயர். உருதுவில் மாதுளை என்று பொருள். சொந்தப் பெயர் இஸ்ஸத் ரீஹானா. 1974இல் சாய்ந்தமருதுவில் பிறந்தவர். கொழும்பில் இருக்கும் நமக்கு அந்த ஊர் என்றால் 2004 சுனாமியும் 2019 ஏப்ரல் குண்டுவெடிப்பும்தான் ஞாபகத்துக்கு வரும். இதைவிட நல்ல அடையாளம் ஒன்று அதற்கு உண்டு. 1990 ஆகஸ்டில் காத்தான்குடியிலும் ஏறாவூரிலும் நம்மவர்கள் கொல்லப்பட்டபோது அவருக்குப் பதினாறு வயதுதான். அந்தத் தொண்ணூறுகளில் எழுதத் தொடங்கியவரின் முதல் தொகுதி ‘ஓவியம் வரையாத தூரிகை’, 2004இல் வந்தது. 2007இல் ‘எனக்குக் கவிதை முகம்’. பின்னர் வேறு தொகுதிகள், விருதுகள். கனடாவின் தமிழ் இலக்கியத் தோட்டமும் அவரைக் கௌரவித்தது.

விருது கிடக்கட்டும். அவருடைய ‘மேலும் சில இரத்தக் குறிப்புகள்’ என்ற கவிதையைத் தேடிப் படியுங்கள். நாம் வாய்விட்டுப் பேசாத, பெண்ணுக்கு மட்டுமே பழகிய இரத்தத்திலிருந்து அது தொடங்குகிறது. பிள்ளையின் காயத்தைக் கண்டு தாய் நடுங்குவது வருகிறது. போகப்போக அதே இரத்தம் வன்முறையிலும் போரிலும் சிந்திய இரத்தமாகிவிடுகிறது. யுத்தத்தைப் பற்றி எத்தனையோ ஆண்கள் எழுதினார்கள். சமையலறையில் நிற்கும் ஒருத்தி அதை இப்படிப் பார்ப்பாள் என்று எனக்குச் சொன்னது இந்தக் கவிதைதான். அவருடைய எல்லாக் கவிதைகளும் எனக்குப் பிடிபட்டன என்று சொல்லமாட்டேன். சிலவற்றில் படிமங்கள் ஒன்றன்மேல் ஒன்றாய் ஏறி நிற்கின்றன. மூன்று தடவை வாசித்தும் கதவு திறக்கவில்லை.

அவர் செய்த இன்னொரு வேலையை நான் அதைவிடப் பெரிதாக மதிக்கிறேன். கிழக்கிலங்கைக் கிராமத்து மக்களின் பாடல்களைத் தொகுத்து, ‘பொடுபொடுத்த மழைத்தூத்தல்’ என்று 2013இல் நூலாக்கினார். நம் கிழக்கு மாகாணத்துக் குடும்பங்களில் ‘கவி’ என்றால் அச்சில் வருவது அல்ல, வாயில் வருவது. வட்டைக்குக் காவலுக்குப் போன மச்சானை நினைத்து, எழுத்தறியாத பெண்கள் நாலு வரியில் கட்டியவை அவை. ஆசையும் கோபமும் ஏச்சும் எல்லாம் அதில் உண்டு. அவர்களிடம் யாரும் மாப்பிள்ளைக் கதை பேசவில்லை!

இது நம் ஊரில் மட்டுமா? கென்யாக் கரையிலுள்ள லாமு தீவுகளில் மவானா குபோனா என்ற தாய், நோயில் படுத்திருந்தபோது, 1858இல் தன் மகளுக்காகச் சுவாஹிலி மொழியில் நீண்டதொரு அறிவுரைப் பாட்டு இயற்றினாள். நம் மூத்தவர்கள் அறபுத்தமிழ் எழுதியதுபோல் அந்த மொழியையும் அன்று அறபு எழுத்தில்தான் எழுதினார்கள். கீழக்கரையில் ஆசியா உம்மாவும் ஞானப் பாடல்கள் பாடியிருக்கிறார். தாய் பாடினால் நசீஹத், மகள் எழுதினால் மட்டும் வெட்கக்கேடா?

என் உம்மா சம்மாந்துறையில் பிறந்தவர். அனாரின் தொகுப்பை வாசித்துக் காட்டியபோது, "இது இல்ல, எங்கட பக்கம் வேற மாதிரி" என்று திருத்தத் தொடங்கிவிட்டார். இப்போது அஸருக்குப் பிறகு என் மகள் கைத்தொலைபேசியில் பதிவு செய்கிறாள். இதுவரை இருபத்திமூன்று கவி சேர்ந்திருக்கிறது. சிலவற்றைப் பிள்ளையின் முன்னால் பாட உம்மா மறுக்கிறார். அவளைக் கடைக்கு அனுப்பிவிட்டு எனக்கு மட்டும் பாடுகிறார்.