நிழலின் பெயர்

பதினைந்தாம் அகவையில் எனக்குத் தோழர் எவரும் இலர். வகுப்பில் ஒருவன் என் பேச்சைப் பழித்துச் சிரித்தான்; அவனை வெல்வதே அன்று முதல் என் வேலையாயிற்று. அவனைப் பற்றிப் பொய் ஒன்றைப் பரப்பினேன். அது அவன் வீடுவரை சென்றது.

அந்நாளில், 'எர்த்சீயின் மந்திரவாதி' என்னும் ஆங்கில நாவல் நூலகத்தில் எனக்குக் கிட்டியது. அமெரிக்கப் பெண் எழுத்தாளர் ஊர்சுலா லெ குவின் (1929–2018) எழுதிய அந்நூல் 1968-இல் வெளிவந்தது. கதைகளில் வரும் மந்திரவாதிகள் நரைத்த தாடியுடனே தோன்றுகின்றனரே, இளமையில் அவர்கள் எவ்வாறு இருந்திருப்பர் என்று அவர் எண்ணிப் பார்த்ததன் விளைவே அது. அகராதியின் துணையோடு மெல்லப் படித்தேன்.

கடலும் தீவுகளுமாய் அமைந்த கற்பனை உலகம் அது. அங்கே ஒவ்வொன்றுக்கும் உண்மைப் பெயர் உண்டு. அதனை அறிந்தவனுக்கு அப்பொருள் அடங்கும். கெட் என்பவன் கொல்லன் மகன். ஓராண்டு நிரம்புமுன்னரே தாயை இழந்தவன். ரோக் தீவின் மந்திரப் பள்ளியில் உடன்பயிலும் ஜாஸ்பரின் ஏளனம் அவனைச் சுடுகிறது. இறந்தோரையும் அழைப்பேன் என்று செருக்கால் சூளுரைக்கிறான். இருளின் வாயில் திறக்க, நிழல் ஒன்று பாய்ந்து அவன் முகத்தைக் கிழிக்கிறது. அவ்வாயிலை அடைத்த பள்ளித் தலைவர் அதனாலேயே உயிர் துறக்கிறார்.

அவ்விடத்தில் நூலை மூடிவிட்டேன். இரண்டு நாள் தொடவில்லை.

பிறகு படித்தேன். நோயினின்று எழுந்த கெட் தனியனாகிறான். அந்நிலையில் வெட்ச் என்னும் தோழன் தன் உண்மைப் பெயரை அவனிடம் கூறுகிறான். அவ்வுலகில் அது தன் உயிரையே பிறர் கையில் தருவதாகும். நடுவே பறவைநாகம் ஒன்றும் வருகிறது. சிறுவர்க்கு அது சுவைக்கும்; என் மனம் நிழலின் பின்னேயே சென்றது. கெட் ஓட ஓட நிழல் வலிமை பெறுகிறது. திரும்பி நின்று அதனையே துரத்துமாறு பழைய ஆசான் ஓகியன் அறிவுறுத்துகிறார். உடன் வருவதற்கு வெட்ச் இருக்கிறான். கடலின் கீழ்க்கோடியில் நிழலை எதிர்ப்பட்ட கெட், அதனைப் பெயர் சொல்லி அழைக்கிறான். அப்பெயர் அவன் பெயரே.

மறுநாள் வகுப்பில் எழுந்து, அப்பொய்யைப் பரப்பியவன் நானே என்றேன். அவன் தலை நிமிரவில்லை. என்னோடு பேச அவனுக்கு ஒரு திங்கள் ஆயிற்று.