வழியிலுள்ள இடரை அகற்றியோர்



பாதையில் கிடக்கும் இடர்தரும் பொருளை அகற்றுவதும் ஈமானின் ஒரு கிளை என நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் கற்பித்துள்ளார்கள். மத்ரஸாவில் இந்த ஹதீஸை நடத்தும்போது முள், கல், கண்ணாடித் துண்டு ஆகியவற்றையே சான்றாகக் கூறுவது வழக்கம். இவ்வாண்டு கண்ணிவெடியையும் சேர்த்துக்கொண்டேன்.

1941 பிப்ரவரியில் அபிசீனியாவில் பின்வாங்கிய இத்தாலியப் படை, சாலையெங்கும் கண்ணிவெடிகளைப் புதைத்துச் சென்றது. பம்பாய் சாப்பர்ஸ் பிரிவின் இளம் அதிகாரி பிரேமீந்திர சிங் பகத், முதல் வண்டியில் 4 நாட்கள் படைக்கு முன்னே சென்றார். 55 மைல் தூரத்தில் 15 கண்ணிவெடிக் களங்களைக் கண்டறிந்து அகற்றச் செய்தார். இருமுறை அவருடைய வண்டியே வெடியில் சிக்கியது, உடனிருந்தோர் பாதிக்கப்பட்டனர். செவிப்பறை கிழிந்த பின்னரும் அவர் ஓய்வை ஏற்கவில்லை. அவருக்கு விக்டோரியா கிராஸ் வழங்கப்பட்டது.

1944 பிப்ரவரி 24 அன்று இத்தாலியின் மிஞ்ஞானோவில், மதராஸ் சாப்பர்ஸ் பிரிவைச் சேர்ந்த சுபேதார் சுப்பிரமணியன் கண்ணிவெடி அகற்றும் பணியில் இருந்தார். ஒரு வெடி இயங்கத் தொடங்கியதும் அதன்மீது பாய்ந்து தம் உடலால் மறைத்தார். அருகிலிருந்தோர் பிழைத்தனர், அவர் மாண்டார். மறைவுக்குப் பின் அவருக்கு ஜார்ஜ் கிராஸ் அளிக்கப்பட்டது.

“ஹஜ்ரத், உயிரை மாய்த்துக்கொள்வது ஹராம் அல்லவா? இது எதில் சேரும்?” என்று மாணவர் ஒருவர் வினவினார்.

வகுப்பு அமைதியானது. நான் கூறினேன்: “உயிரை மாய்த்துக்கொள்பவன் தன் சாவை நாடுகிறான். இவரோ தோழர்களின் வாழ்வை நாடினார். கண்ணிவெடி அகற்றுவோர் அங்குலம் அங்குலமாக நிலத்தைச் சோதிப்பவர்கள். தாமும் பிழைக்கவேண்டும் என்றே அத்தனை கவனமாக உழைப்பவர்கள். ஒட்டகத்தைக் கட்டிவிட்டுத் தவக்குல் வைக்கும் பாடம் அவர்கள் தொழிலிலேயே உண்டு. அந்த எச்சரிக்கையும் பயனற்றுப்போன கணத்தில் அவர் பிறரைக் காத்தார். உள்ளத்தின் நிய்யத்தை அல்லாஹ் ஒருவனே அறிவான்.”

அடிப்பவனே வீரன் என எண்ணும் வயதினர் என் மாணவர்கள். வெடியைப் புதைப்பவன், அதை மிதிக்கப்போவது படைவீரனா, ஆடு மேய்க்கும் சிறுவனா என்று பார்ப்பதில்லை. அகற்றுபவனும், தன்னால் காப்பாற்றப்படுபவர் யார் என்று அறிவதில்லை. அவரிடமிருந்து நன்றியும் அவனை வந்தடையாது. தெருவில் கிடக்கும் கல்லை எடுத்து ஓரமாய்ப் போடுபவரின் நிலையும் அதுவே. ஆகவே சகோதரர்களே, நம் பிள்ளைகளுக்கு வீரத்தைச் சொல்லித்தரும்போது, இத்தகையோரின் வரலாற்றையும் சொல்வோம்.