பந்தல் போட இடம்: திருச்சிக் குறிப்புகள்

முதலில் மாதம். இடம் அப்புறம்.

ஆடியும் மார்கழியும் கணக்கில் இல்லை. புரட்டாசியைப் பல வீடுகளில் தொடமாட்டார்கள். ஐப்பசி, கார்த்திகை மழைக்கு. பங்குனிப் பாதியிலிருந்து ஆனி வரை திருச்சி வெயிலில் வெட்டவெளிக் கல்யாணம் நடத்துகிறவர், வந்த உறவினர்கள் மேல் ஏதோ பழைய பகை வைத்திருக்க வேண்டும். மிச்சம் ஆவணி, தை, மாசி, பங்குனியில் பாதி.

காவிரிக் கரைதான் வேண்டும் என்றால் அதுவும் சுருங்கும். மேட்டூர் அணையை வழக்கப்படி ஜூன் 12இல் திறந்து ஜனவரி 28இல் மூடுவார்கள். தண்ணீர் இல்லாத வருஷங்களில் தேதி மாறும். மாசியில் ஸ்ரீரங்கம் அம்மா மண்டபத்துப் படித்துறையில் நின்றால் எதிரே பெரும்பாலும் மணல். ஆவணியில் ஆறு ஓடும், சில வருஷம் தேவைக்கு மேல் ஓடும். 2018 ஆகஸ்ட் 22, அதாவது ஆவணி ஆறாம் தேதி, முக்கொம்பில் ஆர்தர் காட்டன் 1836இல் கட்டிய மேலணையின் கொள்ளிடப் பக்கத்து மதகுகளில் ஒன்பதை வெள்ளம் அடித்துக்கொண்டு போனது. ஆகவே ஆற்றில் தண்ணீர், தலைக்கு மேல் தெளிந்த வானம், நெற்றியில் வியர்வை இல்லை என்ற மூன்றும் கூடுவது தை மாதத்தின் முதல் பாதியில்தான். அதற்குள் ஒரு முகூர்த்த நாள் கிடைத்தால் பிடித்துக்கொள்ள வேண்டும்.

*

இதையெல்லாம் எழுதிவைக்கக் காரணம் அண்ணன் மகள். வேலை சிங்கப்பூரில். போனில் சொன்னாள்: “சித்தப்பா, நூறு பேருக்கு மேல வேண்டாம். ஏ.சி. மண்டபம் வேண்டாம். மரம் இருக்கணும், ஆறு தெரியணும். தாத்தா ஊர்லயே இருக்கணும்.” பிள்ளை வீட்டார் சென்னை. இரு வீட்டுக்கும் வெளியூர்க் கல்யாணம்தான்; இந்தக் காலத்து டெஸ்டினேஷன் வெட்டிங். வெளிநாட்டுக்குப் போய்க் கல்யாணம் செய்வதைப் பற்றிப் பிரதமரே 2023 நவம்பரில் ‘மனதின் குர’லில் குறைபட்டுக்கொண்டார். இங்கே வெளிநாட்டிலிருந்து ஊருக்கு வருகிறார்கள். சிங்கப்பூர், கோலாலம்பூரிலிருந்து நேராகத் திருச்சியில் விமானம் இறங்குகிறது. 2024 முதல் புது முனையம் வேறு. சென்னை உறவுகளுக்குப் பல்லவன் ரயில்.

*

பெருமாளுக்கே வெளியூர்க் கல்யாணம் உண்டு. பங்குனி உற்சவத்தின் ஆறாம் நாள் ஸ்ரீரங்கத்து நம்பெருமாள் காவிரியைத் தாண்டி உறையூர் போய்க் கமலவல்லி நாச்சியாரோடு சேர்த்தி சேவை தருகிறார். திரும்பி வந்தால் ஸ்ரீரங்கத்துத் தாயார் சும்மா விடுவாளா? உத்திரத்தன்று கதவைச் சாத்தி மட்டையடி. நம்மாழ்வார் வந்து சமாதானம் பேசிய பிறகுதான் இங்கே சேர்த்தி. ஆண்டாள் கல்யாணத்தையும் சொல்ல வேண்டும்: வில்லிபுத்தூரிலிருந்து பெண் வீட்டார் கிளம்பி வந்த இடம் ஸ்ரீரங்கம்.

உறையூரிலேயே வெக்காளியம்மனுக்குக் கருவறைக்கு மேல் கூரை கிடையாது. வெயிலும் மழையும் அம்மன் மேலேயே. வெட்டவெளி என்றதும் முகம் சுளித்த என் அத்தையிடம் இதைச் சொன்னேன். “அவ தாங்குவாடா, நான் தாங்குவேனா?” என்றாள். அத்தைக்கு எண்பது வயது. அவள் கேட்டதில் நியாயம் இருக்கிறது.

*

ஆற்றின் கரையும் படுகையும் அரசுக்குச் சொந்தம். “யாரும் கேக்க மாட்டாங்க சார்” என்று சொல்லும் ஆளை நம்பிப் பந்தக்கால் நடக்கூடாது. முக்கொம்புப் பூங்காவும் மேலூர் வண்ணத்துப்பூச்சிப் பூங்காவும் விருந்தாளிகளை மறுநாள் அழைத்துப்போக நல்ல இடங்கள், கல்யாணத்துக்கு அல்ல. திருவானைக்காவில் சுவாமிக்கே திருக்கல்யாணம் கிடையாது. அகிலாண்டேஸ்வரி அங்கே மாணவி, ஈசன் குரு. கோயில் கல்யாணம் என்றால் வயலூர் முருகன். ஆனால் நல்ல முகூர்த்த நாளில் அங்கே வரிசையாக ஜோடிகள் இருப்பார்கள்; நம் பெண் கேட்ட அமைதி கிடைக்காது.

கடைசியில் எல்லா வழியும் தென்னந்தோப்பில் போய் முடிகிறது. காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவில் ஸ்ரீரங்கம் தீவு முழுக்கத் தென்னையும் வாழையும்தானே.

*

தோப்பில் பார்க்க வேண்டியவை. தேங்காய்! கல்யாணத்துக்கு முந்தின வாரம் ஆள் ஏற்றிக் காயும், காய்ந்த மட்டையும், பன்னாடையும் இறக்கியாக வேண்டும். அழகான தோப்பு என்று படம் எடுத்து அனுப்புகிறவர்கள் யாரும் அண்ணாந்து பார்ப்பதில்லை.

மணமக்கள் கிழக்கு பார்த்து உட்காருவார்கள். காலை முகூர்த்தம் என்றால் வெயில் சாய்வாக வந்து நேரே கண்ணில் அடிக்கும்; ஆல்பம் முழுக்கக் கண்ணைச் சுருக்கிக்கொண்டிருப்பார்கள். கிழக்குப் பக்கம் அடர்ந்த மரமோ கீற்றுத் தட்டியோ வேண்டும். முகூர்த்த நேரத்திலேயே போய்ப் பார்க்காமல் முன்பணம் கொடுக்காதீர்கள். தரகர்கள் இடத்தைச் சாயங்காலம்தான் காட்டுவார்கள். சாயங்காலம் எந்த இடமும் நன்றாகத்தான் இருக்கும்.

வாத்தியாரிடம் கேட்டேன். “ஹோமத்துக்கு மேல கூரை இருக்கட்டும், மூணு பக்கம் தட்டி அடைச்சுடுங்கோ. அக்னி காத்துல அலைஞ்சா யார் மேலே புகை போகும்னு சொல்ல முடியாது” என்றார். ஆக, வெட்டவெளிக் கல்யாணத்திலும் தாலி கட்டும் இடத்துக்குப் பந்தல் உண்டு. மண்டபங்கள் வருவதற்கு முன் எல்லாரும் வாசலில் கீற்றுப் பந்தல் போட்டுத்தானே கல்யாணம் செய்தார்கள். தெருவே மண்டபம்.

தோப்பு மோட்டார் இணைப்பிலிருந்து விளக்குக்கு வயர் இழுக்கிறேன் என்று ஒருவர் தாராளமாகச் சொன்னார். அது விவசாயத்துக்கு அரசு தரும் இலவச மின்சாரம். சீரியல் செட்டுக்கு அல்ல. ஈ.பி.யில் தற்காலிக இணைப்பு வாங்க வேண்டும், கூடவே ஜெனரேட்டர். ராத்திரி பத்து மணிக்கு மேல், காலை ஆறு வரை, வெட்டவெளியில் ஒலிபெருக்கிக்குத் தடை.

கழிப்பறை. இதைக் கடைசியில் யோசிப்பவர்கள் ஆண்கள்.

*

செலவு குறையும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். மண்டப வாடகையில் நாற்காலி, மேடை, பாத்திரம், சமையல்கட்டு, தண்ணீர் எல்லாம் அடங்கியிருக்கும். தோப்பில் இலை போட மேஜை வரை வாடகை. சமையலுக்குத் தனிக் கொட்டகை, தண்ணீர் லாரி, மண் தரையில் சக்கர நாற்காலி ஓடப் பலகைப் பாதை. தரை சமம் செய்வதற்கு முன் நாற்காலி போட்டால் ஒரு கால் மண்ணுக்குள் போய்ப் பெரியப்பா ஒரு பக்கமாகச் சாய்வார். நூறு பேர் என்பதால்தான் இதெல்லாம் முடிகிறது. ஐந்நூறு பேர் என்றால் மண்டபத்துக்கே போய்விடுங்கள், வீண் வீம்பு வேண்டாம்.

அந்த நூறு பேர் பட்டியல் போடுவது இடம் தேடுவதைவிடக் கஷ்டம். அதைப் பற்றி எழுதினால் உறவு போய்விடும்.

*

ஸ்ரீரங்கத்தில் அறை போடுமுன் கோயில் பஞ்சாங்கம் பார்க்கவும். தை, பங்குனி, சித்திரை மூன்றிலும் தேர் உண்டு. தைத்தேர் புனர்பூசத்தன்று, நாம் தேடும் அதே பதினைந்து நாளுக்குள் விழுந்தால் சித்திரை வீதி, உத்திர வீதிப் பக்கம் அறையும் கிடைக்காது, வண்டியும் நகராது. அப்போது திருச்சிப் பக்கம் தங்கவைத்துக் காவிரிப் பாலம் வழியாக அழைத்து வரலாம். காலை ஐந்து மணிக்குப் பாலம் காலி.

*

பதிவு. கல்யாணத்தை 90 நாளுக்குள் பதிவு செய்ய வேண்டும் என்பது தமிழ்நாட்டின் 2009ஆம் ஆண்டுச் சட்டம். மண்டப ரசீது இருக்காது என்பதால் பத்திரிகையில் தோப்பு இருக்கும் கிராமத்தின் பெயரைத் தெளிவாக அச்சடியுங்கள். “காவிரிக் கரையில்” என்று மட்டும் போட்டால் அழகு, சார்பதிவாளருக்குப் போதாது.

*

பாலிகை கரைக்க எல்லாரும் ஆற்றுக்கு இறங்குவார்கள். முளைப்பயிரை மட்டும் விடுங்கள். தெர்மாகோல் எழுத்துகள், ஜரிகை மாலை, பேப்பர் கப் எல்லாவற்றையும் மூட்டை கட்டி வண்டியில் ஏற்றிக்கொண்டு போங்கள். தோப்புக்காரர் கேட்காவிட்டாலும் செய்யுங்கள். அந்தத் தண்ணீர் அடுத்துக் கல்லணைக்குப் போகிறது, அங்கிருந்து தஞ்சாவூர் வயல்களுக்கு.