எஸ்.என்.லட்சுமி

2012 பிப்ரவரியில் எஸ்.என்.லட்சுமி காலமான செய்தியை இங்கே அரக்கோணத்தில் பென்ஷன்கார நண்பர்களிடம் சொன்னேன். யாருக்கும் ஆள் தெரியவில்லை. "மைக்கேல் மதன காமராஜனில் சாமான் திருடுமே, அந்தப் பாட்டி" என்றதும், "அடடா, அந்தம்மாவா!" என்று வருந்தினார்கள்.

விருதுநகர்ப் பக்கத்துக்காரர். நாடகத்திலிருந்து சினிமாவுக்கு வந்தவர். 1964இல் 'சர்வர் சுந்தர'த்தில் நாகேஷுக்கு அம்மா. நாகேஷுக்கே அப்போது முப்பது தாண்டியிருந்தது. இந்தம்மாவும் கிழவியாகும் வயதில் இல்லை. கதாநாயகிகளை நாற்பதில் வீட்டுக்கு அனுப்பும் தொழிலில் இவருக்கு வயது ஏற ஏற வேலை வந்தது. பெயர் மட்டும் யார் மனதிலும் நிற்கவில்லை. (நோட் எழுதுவது குமாஸ்தா, கையெழுத்து அதிகாரியுடையது. எனக்குத் தெரியாதா?)

எனக்கு வியப்பு அவருடைய பேச்சுதான். நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன்; வட்டாரத் தமிழெல்லாம் கொட்டகையில் கேட்டுப் பழகியதுதான். 1990இல் காமேஸ்வரனின் திரிபுவுக்குப் பாட்டியாகப் பாலக்காட்டுத் தமிழ். 2004இல் 'விருமாண்டி'யில் அசல் மதுரைப் பக்கத்துப் பேச்சு. இரண்டு கிழவிகளும் ஒரே ஆள் என்று சொன்னால் என் வீட்டில் இன்னும் நம்புவதில்லை.