அம்மாவின் பெயரை இனிஷியலாக வைத்துக்கொண்ட பாட்டுக்காரி

ஞாயிற்றுக்கிழமை, பிரியாணி முடிந்து சாய்ந்திருப்பீர்கள். கொஞ்சம் நீளமாக எழுதப்போகிறேன், பொறுமையாகப் படியுங்கள்.

இன்று கே.பி.சுந்தராம்பாள். 'ஔவையார்' படத்தில் வெள்ளைப் புடவை, கையில் கோலோடு வருவாரே, அந்த அம்மாதான். உங்களில் பலருக்கு அவரைக் கிழவியாகத்தான் தெரியும். அந்தப் படம் வந்த 1953-இல் அவருக்கு வயது 45. அதற்கு முன்பே அவர் ஒரு முழு வாழ்க்கை வாழ்ந்து முடித்திருந்தார். மேடை மேடையாக, ஊர் ஊராகப் போய்ப் பாடி நடித்த வாழ்க்கை.

முதலில் அந்த இனிஷியலைக் கவனியுங்கள். 'கே' என்றால் கொடுமுடி. 'பி' என்றால் அப்பா பெயர் என்றுதானே நினைப்போம்? இல்லை, பாலாம்பாள். அவருடைய அம்மா. 1908-இல் பிறந்த ஒரு பெண், அம்மாவின் பெயரோடு தமிழ்நாடு முழுக்க அறியப்பட்டார். நான் வகுப்பில் வருகைப் பதிவேட்டைப் பார்த்துப் பெயர் கூப்பிட்ட அத்தனை வருஷத்தில் அம்மா பெயரை இனிஷியலாக வைத்த பிள்ளைகளை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

வறுமையான குடும்பம். சிறுமியாக ரயிலில் பாடிக்கொண்டிருந்தவரை எஃப்.ஜி.நடேச ஐயர் கவனித்தார் என்பது எல்லோரும் சொல்லும் கதை. அவர் ரயில்வே அதிகாரி, நாடகப் பித்தர். அவர் மூலமாக வேலு நாயர் நாடகக் கம்பெனியில் சேர்ந்து, 'நல்லதங்காள்' நாடகத்தில் குழந்தை வேஷம். பள்ளிக்கூடத்தில் இருக்க வேண்டிய வயசு.

அந்த நாடகம் எப்படிப்பட்டது என்று சொன்னால்தான் அவர் உழைப்பு புரியும். நம்ம வடஆற்காட்டுப் பக்கம் தெருக்கூத்து. மதுரை, புதுக்கோட்டைப் பக்கம் 'ஸ்பெஷல் நாடகம்'. சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) எழுதிய 'வள்ளி திருமணம்', 'பவளக்கொடி', 'கோவலன்' போன்ற நாடகங்கள் எல்லா நடிகருக்கும் மனப்பாடம். அதனால் ராஜபார்ட் ஒரு ஊரிலிருந்து வருவார், ஸ்த்ரீபார்ட் இன்னொரு ஊரிலிருந்து வருவார், பபூன் மூன்றாவது ஊர். ஒத்திகை கிடையாது. சாயந்திரம் வந்து இறங்கி, ராத்திரி மேடை ஏறி, விடிய விடிய ஆட வேண்டியதுதான். நாரதரும் வள்ளியும் தர்க்கம் செய்கிற இடத்தில் எதிராளி எந்தப் பாட்டைப் போடுவார், எந்தக் கேள்வியை வீசுவார் என்று தெரியாது. அங்கேயே பதில் பாட வேண்டும். பாடத் தெரியவில்லை என்றால் ஜனங்கள் முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுவார்கள்.

மைக்கும் கிடையாது. கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவருக்கும் கேட்க வேண்டுமானால் சுருதி உயர்வாக இருக்க வேண்டும். ஆர்மோனியக்காரர் மேல் கட்டையில் பிடிப்பார், இவர்கள் அதற்கும் மேலே போவார்கள். சுந்தராம்பாளின் குரலில் நாம் கேட்கும் அந்தக் கணீர் பிறவியில் பாதி வந்தது. மீதி, மைக் இல்லாத மேடைகள் கொடுத்தது.

இலங்கைக்கும் போனார்கள். தனுஷ்கோடி வரை ரயில், அங்கிருந்து கப்பலில் தலைமன்னார், மறுபடி ரயிலில் கொழும்பு. அங்கேதான் 1926-இல் எஸ்.ஜி.கிட்டப்பாவோடு முதன்முதலாக ஜோடி சேர்ந்து மேடை ஏறினார். கிட்டப்பா செங்கோட்டைக்காரர், கன்னையா கம்பெனி நாடகங்களில் பேர் வாங்கியவர். அவருக்கு முன் நின்று இந்தப் பெண் பாட முடியுமா என்று பேசியவர்கள் உண்டு. பாடினார். மறுவருஷம் இருவரும் மணம் செய்துகொண்டார்கள். கிட்டப்பா ஏற்கெனவே மணமானவர். ஆக, இனிப்பான கதை என்று நான் சொல்லமாட்டேன். நடுவில் பிரிவும் வந்தது. 1933 டிசம்பர் 2-ஆம் தேதி கிட்டப்பா போய்விட்டார். அவருக்கு வயது 27, சுந்தராம்பாளுக்கு 25.

வெள்ளைப் புடவைக்கு மாறினார், கடைசி வரை மாற்றவில்லை. இனி ஆண் நடிகரோடு ஜோடியாக நடிப்பதில்லை என்றும் முடிவெடுத்தார். அந்தக் காலத்தில் ஒரு நடிகைக்கு அதோடு பிழைப்பு முடிந்தது என்றுதான் அர்த்தம். ஆனால் 1935-இல் 'நந்தனார்' படம் வந்தது. நந்தனாராக நடித்ததே அவர்தான்! சம்பளம் 1 லட்சம் ரூபாய். கதாநாயகன் ஜோடி வேண்டாமென்றால் கதாநாயகனாகவே நின்றுவிட்டார். பிறகு 'மணிமேகலை', 'ஔவையார்', 'பூம்புகார்' படத்தில் கவுந்தி அடிகள், 'திருவிளையாடல்', 'காரைக்கால் அம்மையார்'. ஒவ்வொன்றும் துறவி, பாட்டி, அடியார். அவர் போட்ட நிபந்தனைக்குள்ளேயே சினிமா அவருக்கு வேஷம் தேடிக்கொண்டு வந்தது.

காங்கிரஸ் மேடைகளில் பாடினார். 1951-இல் சென்னை சட்ட மேலவை உறுப்பினரானார். 'துணைவன்' படப் பாட்டுக்காக 1969-க்கான சிறந்த பின்னணிப் பாடகி தேசிய விருது, அறுபது வயசுக்கு மேல். 1970-இல் பத்மஸ்ரீ. 1980-இல் மறைந்தார்.

இப்போது ஏன் இதையெல்லாம் எழுதுகிறேன் என்று சொல்கிறேன்.

என் பழைய மாணவர் ஒருவர், ஆம்பூரில் தோல் ஷெட்டில் வேலை, போன வாரம் போன் செய்தார். மகள் பிளஸ் டூ முடித்துவிட்டாள், நன்றாகப் பாடுவாள். சென்னையில் இசைக் கல்லூரியில் சேர வேண்டும் என்கிறாளாம். வீட்டில் ஒருவருக்கும் சம்மதமில்லை. "டீச்சர், நீங்க சொன்னா கேப்பா. வேணாம்னு நீங்களே ஒரு வார்த்தை சொல்லிடுங்க" என்றார். மேடையில் பாடுகிற பெண் என்றால் நாளைக்கு மாப்பிள்ளை வீட்டார் என்ன சொல்வார்கள் என்பது அவர் பயம்.

அவர் பயத்தை நான் சிரித்துத் தள்ளமாட்டேன். சுந்தராம்பாள் ஒருவர் ஜெயித்தார். அதே மேடையில் பாடிய எத்தனையோ பேர் பெயர் தெரியாமல் போனார்கள். இன்றைக்கும் நாடகக்காரர்களுக்குத் திருவிழா மாதங்களில்தான் வருமானம். கொரோனா வந்த 2020-இல் திருவிழாக்கள் நின்றபோது அவர்கள் அடுப்பும் நின்றது. பாட்டை நம்பி மட்டும் வீட்டை ஓட்டுவது கஷ்டம், உண்மை.

ஆனால் கௌரவம் பற்றிச் சொன்னாரே, அதற்கு மட்டும் பதில் சொல்ல வேண்டும். நம்ம ஊர்ப் பெண்கள் ஷூ கம்பெனிக்குப் போக ஆரம்பித்தபோது தெருவில் என்னவெல்லாம் பேசினார்கள் என்று உங்கள் அம்மாக்களைக் கேளுங்கள். கம்பெனி பஸ்ஸில் ஏறும் பெண்ணைத் திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள். இன்று அந்தச் சம்பளத்தில் கட்டிய வீடுகள் எத்தனை, படித்த பிள்ளைகள் எத்தனை! இதைப் படிக்கும் உங்களில் பாதிப் பேருக்கு ஃபீஸ் கட்டியது அந்தப் பணம்தான். ஊர் பேச்சு சம்பளக் கவர் வந்ததும் ஓய்ந்துவிட்டது.

ஆகவே தம்பி, நீ கேட்ட வார்த்தையை நான் சொல்லப் போவதில்லை. சேர்த்துவிடு. கூடவே தபால் வழியில் ஒரு பட்டப்படிப்பும் படிக்கட்டும். இசை ஆசிரியர் வேலைக்கு என்னென்ன தகுதி வேண்டும் என்று முதல் வருஷமே விசாரித்து வைத்துக்கொள்ளுங்கள். பாட்டு சோறு போட்டால் சந்தோஷம், போடாத மாதத்துக்கு கையில் வேறொன்று இருக்க வேண்டும். அவளிடமும் இதையேதான் சொல்வேன்: சுந்தராம்பாளின் விருதுகளைப் பார்க்காதே, ஒத்திகை இல்லாமல் விடிய விடிய நின்ற ராத்திரிகளைப் பார். அதற்குத் தயார் என்றால் கிளம்பு.

சென்னையில் இருக்கும் என் பிள்ளைகளுக்கு ஒரு வேலை. பெண்கள் தங்கும் நல்ல விடுதி, அதிக வாடகை இல்லாமல், தெரிந்தால் கமெண்டில் போடாதீர்கள், எனக்குத் தனியாக அனுப்புங்கள். இசைக் கல்லூரியில் படித்தவர்கள் யாராவது இருந்தாலும் பேசுங்கள். அந்தப் பெண்ணின் அப்பாவுக்கு என்னைவிட உங்கள் வார்த்தை தைரியம் கொடுக்கும்.

வீட்டில் எல்லோரையும் கேட்டதாகச் சொல்லுங்கள்.

அன்புடன்,
உங்கள் தமிழ் டீச்சர்