ஏழு நாள் தண்ணீர்

பேரன் செல்போனில் ஏதோ கதை படித்துவிட்டு வந்து நின்றான். ஆழ்கடலில் ஒரு பட்டு இருக்கிறதாம். அதைப் போர்த்திக்கொண்டால் காலம் வளைந்து கொடுக்குமாம். "உம்மம்மா, அப்படி ஒண்ணு நெசமாவே உண்டா?"

கடல் பட்டு உண்டு, காலம் வளைகிற கதைதான் பொய் என்றாள் பள்ளிக்கூடத்தில் வேலை பார்க்கும் என் மகள். மத்தியதரைக்கடலில் இரண்டு முழம் வரை வளர்கிற ஒரு சிப்பி, மணலைப் பிடித்துக்கொள்ளத் தாடிபோல நார் விடுமாம். அதைச் சீவி நூற்றால் பொன் நிறத்தில் துணி வருமாம். இத்தாலியின் சார்டினியாத் தீவில் இன்னும் ஒருசிலர் கையில் அந்த வேலை இருக்கிறதாம். சிப்பியைத் தொடக்கூடாது என்று ஐரோப்பாவில் 1992இல் சட்டமே போட்டுவிட்டார்கள். எங்கள் தாமிரபரணி கடலில் போய்ச் சேருகிற பக்கத்துக் கொற்கையில் ஒரு காலத்தில் சிப்பிக்குள் முத்தைத் தேடினார்கள். பத்தமடையில் நாங்கள் பட்டைத் தேடுவது ஆற்றுத் தண்ணீரில். எங்கள் பட்டு, கோரை.

பட்டுப் பாய் என்று ஊர் சொல்வதால் பட்டுநூல் என்று நினைத்துவிடாதீர்கள். பாவு பருத்தி நூல், ஊடை கோரை. கல்யாணப் பாய்க்குச் சிலர் பட்டுநூல் பாவு கேட்பதுண்டு. ஆனால் அந்தப் பெயர் வந்தது தொட்டுப் பார்த்தவர்கள் விரலில் இருந்து. நல்ல பாயை மடித்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு பஸ் ஏறலாம். 1953இல் இங்கிலாந்து ராணி முடிசூடியபோது இங்கிருந்து பாய் போனது என்று எங்கள் ஊரில் சொல்வார்கள். அதை நெய்தது யார் என்று கேட்டால் தெருவுக்கு ஒரு பாட்டி பெயர் வரும். நான் அந்த வழக்குக்குப் போவதில்லை.

கோரையைப் பச்சையாக அறுத்து, வகுந்து, வெயிலில் காயப்போடுவோம். அந்த நேரம் ஒரு தூறல் விழுந்தால் போச்சு, கருத்துவிடும். காய்ந்து மஞ்சள் பாய்ந்ததும் கட்டாகக் கட்டி ஓடுகிற தண்ணீரில் போட வேண்டும். ஆறு, இல்லையென்றால் கன்னடியன் கால்வாய். ஒரு வாரம் கிடந்தால் மூன்று பங்கு பருத்து வரும். அதை மறுபடி காயவைத்து, உள்ளே இருக்கிற சோற்றை நகத்தால் வழித்து எறிந்துவிட்டு, மேல்தோலை மட்டும் மயிரிழையாகக் கிழிப்போம். உம்மா கண்ணை மூடிக்கொண்டு கிழிப்பார். எனக்கு அது வரப் பத்து வருஷம் ஆனது.

தறி என்று பெரிதாக ஒன்றுமில்லை. தரையோடு தரையாக மூங்கிலில் இழுத்துக் கட்டிய பாவு, அதன் மேல் முக்காலியாக நட்ட மூன்று மூங்கிலில் தொங்குகிற அச்சு. நெய்த பகுதியின் மேல் பலகை போட்டு உட்கார்ந்துகொண்டு, நீளக் குச்சியில் கோரையைக் கோத்து ஒவ்வொன்றாக உள்ளே விட்டு அடிக்க வேண்டும். முரட்டுப் பாய் ஓரிரு நாளில் முடியும். நூறு நூற்றிருபது கவுண்ட் நூலில் போட்ட மெல்லிசுப் பாய் மாதக்கணக்கில் தறியில் கிடக்கும். காலை முழுக்க அடித்தாலும் நாலு விரல் ஏறியிருக்காது. அப்போது நேரம் எங்கே போனது என்று கேட்டால் எனக்கே பதில் தெரியாது. பேரனுடைய கதையில் அந்த இடம் மட்டும் சரி.

ஒரு முறை நானும் காலத்தை வளைக்கப் பார்த்தேன். கல்யாணப் பாய், மாப்பிள்ளை பெண் இருவர் பெயரும் போட வேண்டும், கையில் நாற்பது நாள்கூட இல்லை. கால்வாயில் தண்ணீர் அடைத்திருந்தார்கள். வீட்டு சிமெண்ட் தொட்டியில் கோரையை ஊறப்போட்டு நாலாம் நாளே எடுத்தேன். "ஏட்டி, வெளியத்தான் ஊறியிருக்கு, உள்ள இன்னும் விறைப்பாக் கெடக்கு" என்றார் உம்மா. கேட்கவில்லை. நெய்யும்போது ஒன்றும் தெரியவில்லை. இழைத்துத் தேய்த்ததும் பளபளப்பும் வந்தது. பெண் வீட்டார் வந்து பிரித்துப் பார்த்துவிட்டு மடித்தார்கள். சுள்ளி ஒடிகிற மாதிரி ஒரு சத்தம். மடிப்பு விழுந்த இடம் மாப்பிள்ளை பெயரின் நடு எழுத்து. பெண்ணுடைய வாப்பா ஒரு வார்த்தைகூடக் கடிந்து பேசவில்லை. அட்வான்ஸைத் திருப்பிக் கொடுத்தேன். அந்தப் பாயில்தான் இன்றைக்கும் நான் படுக்கிறேன்.

இப்போது கடைகளில் மெஷினில் நெய்த பாயும் பத்தமடைப் பாய் என்ற பெயரில் கிடக்கிறது. புவிசார் குறியீடு வாங்கியும் இது நிற்கவில்லை. மெஷின் பாய் மோசம் என்று சொல்ல மாட்டேன், தரையில் விரிக்க அது போதும். மடித்துக் காட்டச் சொல்லுங்கள், அவ்வளவுதான். எங்களுக்கு மெஷினைவிடப் பெரிய கவலை தண்ணீர். சாக்கடை கலந்த இடத்தில் ஊறிய கோரையில் ஒரு வாடை ஏறுகிறது. அது எத்தனை வெயிலிலும் போவதில்லை.

சிவப்புக்கு முன்பு சப்பங்கக் கட்டையைக் காய்ச்சினோம், இப்போது பாக்கெட் சாயம். அதில் எனக்குப் பெரிய வருத்தம் இல்லை. ஏழு நாளை நாலாக்கச் சொல்வதுதான் வருத்தம்.

கல்யாணத்துக்குப் பட்டுப் பாய் வேண்டும் என்றால் நிச்சயத்தன்றே சொல்லிவிடுங்கள். பெயர்களைப் பிழையில்லாமல் ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள். நெய்த எழுத்தை அழிக்க ரப்பர் கிடையாது.