ஓரத்தில் நிற்பவர்

நாவல் எழுதுகிறவனுக்குத் தீராத கவலை ஒன்று உண்டு. கதாநாயகன் தன்னைத் தானே பார்த்துக்கொள்வான். தபால்காரரையும், கோயில் மணியடிப்பவரையும், முன்கோபி அப்பாவையும் என்ன செய்வது? வந்த காரியம் முடிந்ததும் அவர்களை வாசலோடு அனுப்பிவிடுவதுதான் வழக்கம். அது எவ்வளவு பெரிய நஷ்டம் என்று எனக்குச் சொல்லித் தந்தவர் ஒரு விமர்சகர் அல்ல. ஸ்வீடன் தேசத்துக் குணச்சித்திர நடிகர் ஆலன் எட்வால்.

1924-ல் வட ஸ்வீடனில் ஹிஸ்மோஃபோர்ஸ் என்ற சிற்றூரில் பிறந்தவர். அந்த நாட்டுக் குழந்தைகளுக்கு அவர் எமிலின் அப்பா. ஆஸ்ட்ரிட் லிண்ட்கிரேன் எழுதிய குறும்புக்காரச் சிறுவன் எமிலின் கதைகள் 1971 முதல் 1973 வரை மூன்று படங்களாக வந்தன. பிறகு டெலிவிஷனுக்கும் போயின. சூப் பாத்திரத்துக்குள் தலையை மாட்டிக்கொள்கிற பிள்ளை அவன். பாத்திரத்தை உடைத்தால் நாலு குரோனர் நஷ்டம், டாக்டரிடம் போனால் மூன்றே குரோனர் என்று கணக்குப் போடுகிற குடியானவர் அப்பா. ‘எமீல்!’ என்று வீடு அதிர அவர் கூப்பாடு போடும்போது நாம் சிரிக்கிறோம். ஆனால் அந்தக் கூப்பாட்டுக்குள் கோபத்தைவிடக் கவலையே அதிகம் என்பதைக் கவனித்தவர்களுக்குச் சிரிப்பு பாதியில் நின்றுவிடும்.

இதே மனிதரை 1963-ல் வந்த ‘விண்டர் லைட்’ படத்தில் பாருங்கள். இங்மார் பெர்க்மன் எடுத்தது. கடவுள் பேசவில்லையே என்று தவிக்கும் பாதிரியாரின் கதை. எட்வால் அதில் கூன் விழுந்த கோயில்பிள்ளை. மெழுகுவர்த்தி ஏற்றுவார், மணியடிப்பார். உடல் வலியில் தூக்கம் வராதபோது ஏதாவது படியுங்கள் என்று பாதிரியார் முன்பு சொல்லியிருந்தார். அவரும் சுவிசேஷங்களைப் படித்தார். படித்ததில் ஒரு சந்தேகம். சிலுவையில் பட்ட உடல் வேதனை சில மணி நேரம்தானே? கூட இருந்தவர்கள் ஒருவரும் புரிந்துகொள்ளாமல் விட்டு ஓடியதும், கடைசியில் தகப்பனும் மௌனமாகிவிட்டதும் அல்லவா பெரிய வேதனை? இதை அவர் கூச்சத்தோடு, தொந்தரவு தருகிறோமோ என்ற தயக்கத்தோடு கேட்கிறார். பாதிரியாரிடம் பதில் இல்லை.

எந்த நாவலாசிரியனுக்கும் அந்தப் பேச்சைப் பாதிரியாருக்கே கொடுத்துவிடத் தோன்றும். அப்படிக் கொடுத்திருந்தால் அது பிரசங்கமாகியிருக்கும். வலி தாங்கிய உடம்பிலிருந்து வந்ததால் அது உண்மையாயிற்று.

1982-ல் ‘ஃபேனியும் அலெக்சாண்டரும்’ படத்தில் அவர் நாடகக் கம்பெனி நடத்தும் தகப்பன். ஹாம்லெட்டில் தந்தையின் ஆவியாக ஒத்திகை பார்க்கும்போதே சுருண்டு விழுகிறார், பின்னர் இறந்துபோகிறார். பிறகும் வெள்ளை உடையில் வந்து, மகனுக்கு ஒன்றும் செய்ய முடியாமல் நிற்கிறார். செத்த பின்னும் கவலைப்படுகிற அந்த அப்பாவை மறக்க முடியவில்லை. 1986-ல் தார்க்கோவ்ஸ்கியின் கடைசிப் படமான ‘தியாக’த்தில் அவர் தபால்காரர்.

வாழ்நாளெல்லாம் ஓரத்தில் நின்றாரே என்று இவருக்காகப் பரிதாபப்பட வேண்டுமா? அதே 1986-ல், அறுபதைத் தாண்டிய வயதில், ஸ்டாக்ஹோமில் ஒரு கட்டிடத்தின் நிலவறையில் சின்னஞ்சிறு நாடக அரங்கு ஒன்றைத் திறந்தார். பெரிய பெயர் ஒன்றும் வைக்கவில்லை. ப்ருன்ஸ்காத்தன் நாலு, தெருப் பெயரும் கதவு எண்ணும்தான். 1997-ல் காலமாகும் வரை அதை நடத்தினார். பிறகு கிறிஸ்டினா லுக்ன் என்ற கவிஞர் அதை ஏற்று நடத்தினார்.